வெளியே கரி, உள்ளே பச்சை: தடித்த இறைச்சியை எப்படிச் சுடுவது?

கேள்வி: ஏற்காட்டில் காப்பித் தோட்டத்துக்குள் எங்கள் வீடு. இத்தாலியில் சாப்பிட்ட ருசி நாக்கில் நின்றதால், எலும்போடு இரண்டு அங்குலக் கனத்தில் மாட்டிறைச்சி வாங்கினேன். தயிர், இஞ்சி பூண்டு விழுது, மிளகாய்த்தூளில் இரவு முழுக்க ஊறவைத்துச் சில்வர் ஓக் விறகில் சுட்டேன். வெளியே கரிந்தது, உள்ளே பச்சை. மறுபடி அடுப்பில் வைத்தால் செருப்புத் தோல். புளோரன்ஸிலும் ஓக் தணலில்தானே சுடுகிறார்கள்? எங்கே தவறினேன்?

பதில்: விறகிலிருந்தே தொடங்குகிறேன். சில்வர் ஓக்குக்கும் ஓக்குக்கும் பெயரைத் தவிர எந்த உறவும் இல்லை. உங்கள் தோட்டத்தில் காப்பிக்கு நிழலாகவும் மிளகுக்கொடிக்குக் கொழுகொம்பாகவும் நிற்பது ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த மரம். குப்பென்று பிடித்துக்கொள்ளும், தணல் நெடுநேரம் நிற்காது. வேரோடு பிடுங்கிப் போட்ட பழைய காப்பிச் செடியின் தண்டு நன்றாகக் காய்ந்திருந்தால், அது எவ்வளவோ மேல். சேலத்துக்கு இறங்கினால் சீமைக் கருவேலங்கரி ஒரு மூட்டை வாங்கி வாருங்கள். நாம் ஊர் ஊராகத் திட்டும் இந்த முள்மரத்தின் நெருங்கிய சொந்தத்தைத்தான் டெக்சாஸில் மெஸ்கீட் என்று பெருமையோடு எரிக்கிறார்கள். மூட்டையை வெளியே வைக்காதீர்கள். உங்கள் ஊர் மூடுபனியில் ஒரே இரவில் கரி நமுத்துவிடும். மூடியுள்ள தகர டின்தான் சரி.

ஆனால் கறி கெட்டது விறகால் மட்டுமல்ல. தடித்த துண்டில் கனம் இரட்டித்தால், நடுப்பகுதி வேக இரண்டு மடங்கல்ல, ஏறக்குறைய நான்கு மடங்கு நேரம் ஆகும். ஒரு அங்குலத் துண்டைச் சுட்ட பழக்கத்தில் இரண்டு அங்குலத் துண்டைக் கொதிக்கும் தணலில் போட்டால், உள்ளே சூடு போய்ச் சேருமுன் வெளிப்புறம் எரிந்து முடிந்திருக்கும். அதிலும் நீங்கள் பூசிய தயிரும் பூண்டும் மிளகாயும் இறைச்சியைவிட முன்னதாகக் கருகும் பொருள்கள். நீங்கள் கண்ட கரியில் பாதி மசாலாவின் கரி. சுக்காவுக்கு அழகான மசாலா இங்கே வெறும் இடைஞ்சல்.

இறைச்சியைப் பற்றியும் ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். புளோரன்ஸ் இருக்கும் டஸ்கனி வட்டாரத்தில் இதற்குப் பேர்போனது கியானினா என்னும் வெள்ளை மாடு. ஒன்று முதல் இரண்டு வயதுக்குள் அறுத்து, வாரக்கணக்கில் குளிரறையில் தொங்கவிட்டுப் பதப்படுத்துகிறார்கள். நம் மாநிலத்தில் 1958-ஆம் ஆண்டுச் சட்டப்படி, பத்து வயதைத் தாண்டி உழைப்புக்கும் இனப்பெருக்கத்துக்கும் உதவாத அல்லது நிரந்தரமாக முடங்கிப்போன மாட்டுக்குத்தான் அறுப்புச் சான்று. உழைத்து ஓய்ந்த கிழட்டு மாட்டின் முதுகுக்கறியை எந்தத் தணலும் இளங்கறியாக்காது. எலும்பை விட்டுவிடுங்கள். அது புளோரன்ஸ்காரர்களின் பிடிவாதம். பைத்திய மாட்டு நோய் (மேட் கௌ) பீதியில் 2001-இல் ஐரோப்பிய ஒன்றியம் முதுகெலும்போடு விற்கத் தடை போட்டபோது, பன்ஸானோ ஊர்க் கறிக்கடைக்காரர் தாரியோ செக்கினி அந்தத் துண்டுக்கு இறுதி ஊர்வலமே நடத்தினார்! நீங்கள் கேட்க வேண்டியது அண்டர்கட். முதுகெலும்புக்கு அடியில் வேலையே செய்யாமல் கிடக்கும் சதை என்பதால், வயதான எருமையில்கூட மென்மையாக இருக்கும். அதன் தடித்த முனையில் இரண்டு அங்குலத்துக்கு வெட்டித் தரச் சொல்லுங்கள். பப்பாளிக்காய் தடவினால் மேலே கூழாகும், உள்ளே ஒன்றும் நடக்காது.

முதல் நாள் இரவே கிலோவுக்குப் பத்து கிராம் கணக்கில் உப்புத் தூவி, ஒரு கம்பி வலைமேல் வைத்து, மூடாமல் குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் விடுங்கள். உப்பு முதலில் நீரை வெளியே இழுக்கும். பிறகு அந்த நீரோடு சேர்ந்து உள்ளே இறங்கும். காலையில் மேற்பரப்பு காய்ந்திருக்கும். அந்த உலர்வுதான் தேவை. ஏற்காட்டு உயரத்தில் தண்ணீர் ஏறத்தாழ 95 டிகிரியில் கொதித்துவிடும்; மேலே ஈரம் இருக்கும்வரை அந்த இடத்தின் சூடு அதைத் தாண்டாது. இறைச்சி செம்பழுப்பாகி மணப்பதோ 140 டிகிரியை ஒட்டித்தான்.

சாம்பல் பூத்த தணலை அடுப்பின் ஒரே பக்கமாக ஒதுக்குங்கள். துண்டை வெறும் பக்கத்தில் வைத்து மூடிவிடுங்கள். மூடி இல்லையென்றால் பழைய அலுமினியக் குண்டானைக் கவிழ்த்தாலும் போதும். அரை மணி நேரத்துக்குக் குறையாமல் ஆகும். மலைக்காற்று வீசினால் இன்னும் கூடும். கடிகாரத்தை நம்பாதீர்கள், இறைச்சியில் குத்தும் வெப்பமானி ஒன்று வாங்குங்கள். நடுப்பகுதி 55-ஐத் தொட்டதும் தணலுக்கு நேர் மேலே நகர்த்தி, நிமிடத்துக்கு ஒருமுறை திருப்பிப் போட்டு நிறம் ஏற்றுங்கள். ஒரே முறைதான் திருப்ப வேண்டும் என்பது அங்கே மரபு. அடிக்கடி திருப்பினால் சீராக வேகும் என்பது என் அனுபவம்.

புளோரன்ஸில் 50 டிகிரியை ஒட்டி, உள்ளே சிவக்கச் சிவக்க எடுத்துவிடுவார்கள். நம் கடை இறைச்சிக்கு அதை நான் சொல்லமாட்டேன். நாடாப்புழுவின் இளம்புழுப் பைகள் சதைக்குள்ளேயே இருக்கலாம் என்பதால், நடுப்பகுதி 63-ஐத் தொட்டு மூன்று நிமிடமாவது நிற்கட்டும். அண்டர்கட் அந்தச் சூட்டிலும் உள்ளே ரோஜா நிறத்தோடு சாறு விடும். அது ரத்தம் அல்ல, சதையின் நிறமி கலந்த நீர்; பயந்து மீண்டும் அடுப்பில் போட்டுத்தான் போன தடவை செருப்பாக்கினீர்கள்.

பத்து நிமிடம் ஆறவிட்டு, நாரின் குறுக்கே அரை அங்குலத் துண்டுகளாக அரியுங்கள். உங்கள் தோட்டத்து மிளகை இப்போதுதான் இடித்துத் தூவ வேண்டும். முன்பே போட்டால் கருகிக் கசக்கும். கொஞ்சம் ஆலிவ் எண்ணெய், ஒரு மூடி எலுமிச்சை. அங்கே பக்கத்தில் வேகவைத்த வெள்ளைப் பயறு வைப்பார்கள். மார்கழி என்றால் சேலம் சந்தையில் பச்சை மொச்சை கிடைக்கும். அதை உப்புப் போட்டு வேகவைத்து, அதே எண்ணெயில் புரட்டி வையுங்கள்.