சேலையின் நிறம் எது? – கடிதமும் பதிலும்

வணக்கம் ஐயா,

வெள்ளவத்தையில் உயர்தர மாணவர்களுக்குப் பௌதிகவியல் படிப்பிக்கிறேன். என் அம்மம்மாவுக்குப் போன மாதம் வலது கண்ணில் கண்புரை சத்திரசிகிச்சை செய்தார்கள். இடது கண்ணுக்கு இன்னும் நாள் குறிக்கவில்லை. வீட்டுக்கு வந்த பிறகு, கோயிலுக்கு உடுக்கிற வெள்ளை நூல் சேலையை மடியில் வைத்துக்கொண்டு ஒரு கண்ணைப் பொத்தியும் மற்றக் கண்ணைப் பொத்தியும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார். வலது கண்ணுக்கு அது நீலம் போட்டுத் தோய்த்த வெள்ளையாம். இடது கண்ணுக்குப் பழுப்பேறிய கிறீம் நிறமாம். “சேலை பழுத்துப் போச்சு, ஒழுங்காகத் தோய்க்கவில்லை என்று எத்தனை தரம் உன்னை ஏசினேன்” என்று கவலைப்பட்டார். கண்வில்லை வயதோடு மஞ்சளாவதை விளக்கினேன். கேட்டுவிட்டு, “அப்போ எந்தக் கண் சொல்வது சரி?” என்றார். எனக்குப் பதில் வரவில்லை.

அதற்குப் பிறகு புலனறிவு பற்றித் தத்துவவாதிகள் சொன்னதைத் தேடிப் படித்தேன். கண்ணிலிருந்து நெருப்பு போகிறது என்கிறார் பிளேட்டோ. கண்ணிலிருந்து கதிர் போகிறது என்கிறது நியாயம் என்ற பழைய இந்தியத் தத்துவ மரபு. இதையெல்லாம் இன்றைக்கு எதற்குப் படிக்க வேண்டும்? பௌதிகவியல் தள்ளிவிடாமல் மிச்சம் விட்டது ஏதாவது இருக்கிறதா? நம் சைவ சித்தாந்தத்தில் இதற்கு இடம் உண்டா?

(பெயர் வெளியிட வேண்டாம் என்று கேட்டிருக்கிறார்.)

அன்பின் தங்கைக்கு,

அம்மம்மாவின் கேள்வி நல்ல கேள்வி. அதையே பிடித்துக்கொண்டு போகிறேன்.

நீங்கள் சொன்ன விளக்கம் சரி. வயதான வில்லை நீலப் பக்க ஒளியை உறிஞ்சிக்கொள்கிறது. மாற்றம் மெல்ல மெல்ல வருவதால் யாருக்கும் தெரிவதில்லை. புது வில்லை வைத்ததும் நீலம் ஒரேயடியாக உள்ளே வருகிறது. இன்னொன்றும் உண்டு: அந்த நீலச்சாயல் நிலைக்காது. வாரங்கள், மாதங்கள் போக மூளை தன்னைச் சரிக்கட்டிக்கொண்டு வெள்ளையை மறுபடி வெறும் வெள்ளையாகவே காட்டத் தொடங்கும். இதை மனதில் வைத்திருங்கள், பிறகு தேவைப்படும்.

ஒரே சேலை, இரண்டு கண், இரண்டு நிறம். 17ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஆங்கிலத் தத்துவவாதி ஜோன் லொக் கேட்டது இதே கேள்விதான், அவர் எடுத்துக்கொண்டது கைகளை. ஒரே தண்ணீர் ஒரு கைக்குச் சூடாகவும் மற்றக் கைக்குக் குளிராகவும் இருக்கலாம். தண்ணீர் ஒன்றுதான் என்பதால், சூடும் குளிரும் நாம் உணர்கிற விதத்தில் தண்ணீரில் இல்லை என்றார். இத்தோடு அவர் சேர்க்கிற ஒரு வரியைப் பலர் கவனிப்பதில்லை: வடிவம் இப்படி ஏமாற்றுவதில்லையாம். ஒரு கைக்கு உருண்டையாகப் படுவது மற்றக் கைக்குச் சதுரமாகப் படாது. ஆகவே வடிவம் பொருளுடையது, நிறமும் சுவையும் நமக்கும் பொருளுக்கும் இடையில் பிறப்பவை. கலிலியோ 1623இலேயே இப்படி எழுதிவிட்டார். நிறத்துக்குச் சொல்கிற வாதம் வடிவத்துக்கும் பொருந்துமே என்று லொக்குக்குப் பின்வந்த தத்துவவாதி பார்க்லி கேட்டதும் இந்தப் பிரிவினை ஆட்டம் கண்டது. லொக்கிடம் போனால் அம்மம்மாவுக்குக் கிடைக்கிற பதில் “இரண்டு கண்ணும் சரியில்லை, சேலைக்கு அப்படி ஒரு நிறமே இல்லை” என்பதுதான். அவருக்கு அது திருப்தி தராது. எனக்கும் தரவில்லை.

கண்ணிலிருந்து கதிர் போவது பற்றி. அதை மடத்தனம் என்று தள்ளாதீர்கள். அவர்களுடைய சிக்கல் இதுதான்: தொட்டால் தெரிகிறது, அது விளங்குகிறது. நாக்கில் பட்டால் ருசி தெரிகிறது, அதுவும் விளங்குகிறது. ஆனால் காலிமுகத்திடலில் நின்று அடிவானத்துக் கப்பலைப் பார்க்கும்போது எது எதைத் தொடுகிறது? தொல்காப்பியர் உயிர்களை வகுக்கும்போது “ஒன்று அறிவதுவே உற்று அறிவதுவே” என்று தொடுவதில்தான் தொடங்குகிறார். நாக்கு, மூக்கு, கண், செவி எல்லாம் அதன் மேல் ஒவ்வொன்றாக ஏறுகின்றன. அறிவுக்கு அடித்தளம் தொடுகை என்றால், தூரத்துப் பொருளைக் கண்ணும் எப்படியோ தொட்டாக வேண்டும். ஒன்றில் கண் போக வேண்டும், இல்லையென்றால் பொருள் வர வேண்டும். பழைய கிரேக்கத் தத்துவவாதி டெமோக்ரிட்டஸ் பொருளிலிருந்து மெல்லிய படலங்கள் உரிந்து வந்து கண்ணில் படுகின்றன என்றார். நியாய நூலார் கண் போகிறது என்றார்கள், இரவில் பூனையின் கண் மின்னுவதைச் சாட்சிக்குக் கூப்பிட்டார்கள். பௌத்தர்கள் விடவில்லை. கண் போய்த் தொடுவதென்றால் பக்கத்து மரக்கிளையும் தூரத்துச் சந்திரனும் ஒரே நேரத்தில் எப்படித் தெரியும் என்று கேட்டார்கள். நூறு தாமரை இதழை அடுக்கி ஊசியால் குத்தினால் எல்லாம் ஒரே கணத்தில் துளைபட்டது போலத்தான் தெரியும், ஆனால் ஒவ்வொன்றாகத்தான் துளைபடுகிறது என்பது நியாயத்தின் பதில். இதைக் கேட்டு எனக்குச் சிரிப்பு வருவதில்லை, மரியாதைதான் வருகிறது. ஒளி போகவும் நேரம் வேண்டும் என்பதை அளந்து பார்க்க வழியில்லாத காலத்தில், வேகத்தை வைத்துச் செய்த வாதம் அது.

யூக்ளிட்டும் கண்ணிலிருந்து கதிர் போவதாக வைத்துத்தான் ஒளியியல் எழுதினார். அதனால் அவருடைய கேத்திரகணிதத்தில் பெரும்பகுதி பிழையாகிவிடவில்லை. நேர்கோட்டை எந்தப் பக்கமிருந்து வரைந்தாலும் நேர்கோடுதானே.

இதை முடித்து வைத்தவர் பஸ்ராவில் பிறந்து கெய்ரோவில் வேலைசெய்த இப்னுல் ஹைதம், 11ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில். சூரியனைப் பார்த்தால் கண் வலிக்கிறது, பார்வையை எடுத்த பிறகும் அதன் சுவடு கண்ணில் நிற்கிறது. அப்படியென்றால் வெளியிலிருந்து ஏதோ வந்து கண்ணைத் தாக்குகிறது. பொருளின் ஒவ்வொரு புள்ளியிலிருந்தும் ஒளி எல்லாத் திசையிலும் போகிறது என்பதையும் கண்ணின் அமைப்பையும் சேர்த்து ஒரு முழுக் கொள்கை கட்டினார். 1604இல் கெப்ளர் அதை மேலும் கொண்டுபோய், விழித்திரையில் விழுவது தலைகீழ் பிம்பம் என்று காட்டினார். காட்டிவிட்டு, அந்தப் பிம்பம் அதற்குப் பிறகு எப்படிக் காட்சியாகிறது என்பதைத் இயற்கைத் தத்துவவாதிகள் பார்த்துக்கொள்ளட்டும் என்று நிறுத்திவிட்டார். உங்கள் இரண்டாவது கேள்விக்கு என் பதில் இங்கேதான் இருக்கிறது. பௌதிகவியல் விழித்திரை வரை வந்தது. மிச்சம் விட்டது விழித்திரைக்குப் பின்னால்.

இப்னுல் ஹைதம் அந்தப் பக்கத்தையும் எட்டிப் பார்த்தவர். கண்ணில் படுவது ஒளியும் நிறமும் மட்டும். தூரம், பருமன், “இது இன்னது” என்ற அடையாளம் எல்லாம் உள்ளே நடக்கிற தீர்ப்பு. அது அவ்வளவு விரைவாக நடப்பதால் தீர்ப்புச் சொன்னதே நமக்குத் தெரிவதில்லை என்றார். 19ஆம் நூற்றாண்டில் ஹெல்ம்ஹோல்ட்ஸ் உணர்வில்லாத அனுமானம் என்று சொன்னது ஏறக்குறைய இதைத்தான்.

நம் தீவிலும் இது நடந்திருக்கிறது. 5ஆம் நூற்றாண்டில் அனுராதபுரத்து மகாவிகாரையில் இருந்து உரை எழுதிய புத்தகோசரின் மரபில் ஒரு மாம்பழக் கதை உண்டு. மாமரத்தடியில் ஒருவன் தூங்குகிறான். பழம் ஒன்று காதருகே விழுகிறது. சத்தத்துக்கு விழிக்கிறான், கண் திறந்து பார்க்கிறான், கை நீட்டி எடுக்கிறான், அழுத்திப் பார்க்கிறான், முகர்கிறான், தின்கிறான். ஒரே ஒரு பார்வைக்குள் மனம் இத்தனை படியும் ஏறி இறங்குகிறது என்பது, மனதைப் பகுத்துச் சொல்லும் பௌத்த நூற்பகுதியான அபிதம்மத்தின் கணக்கு. ஒரு காட்சிக்கு முழுதாகப் பதினேழு சித்தக் கணங்கள், அதாவது மனதின் கணங்கள். அதில் கண்ணின் வேலை ஒரேயொரு கணம். மற்றதெல்லாம் ஏற்பது, ஆராய்வது, தீர்மானிப்பது, அனுபவிப்பது. கொழும்பில் பக்கத்து விகாரையின் பௌத்தப் பிரசங்கச் சத்தம் கேட்டே வளர்ந்த நமக்கு, இப்படி ஒரு நுட்பமான உளவியல் அந்த மரபில் இருப்பதை யாரும் சொல்லித் தரவில்லை. அது எனக்கு உண்மையான வருத்தம்.

தமிழிலும் இது வந்திருக்கிறது. மணிமேகலையில் அறவண அடிகள் சொல்கிறார்: “சுட்டுணர்வைப் பிரத்தியக்கம் எனச்சொலி விட்டனர் நாம சாதி குணக் கிரியைகள்.” கண் முன்னால் இருப்பதைச் சுட்டுகிற வெறும் உணர்வு மட்டுமே காட்சி. பெயர், இனம், குணம், செயல் இவற்றைக் காட்சியில் சேர்க்கக் கூடாது, அவை கருத்து பின்னால் ஒட்டுபவை. இது பௌத்த தருக்க அறிஞர் திக்நாகரின் கொள்கை, அப்படியே நம் காப்பியத்துக்குள். இதை வைத்து அம்மம்மாவுக்குப் பதில் சொல்லலாம்: அம்மா, இரண்டு கண்ணும் சரி. ஒவ்வொன்றும் தனக்கு வந்த ஒளியைச் சொன்னது. “சேலை பழுத்துவிட்டது” என்று சொன்னது கண் இல்லை.

இந்தப் பதிலோடு நிறுத்தியிருப்பேன். ஆனால் 13ஆம் நூற்றாண்டில் அருணந்தி சிவாசாரியார் குறுக்கே நிற்கிறார். அவர் எழுதிய சைவ சித்தாந்த நூலான சிவஞான சித்தியாரில், அறியும் வழிகளைச் சொல்லும் அளவை இயலில் ஏறக்குறைய அதே பட்டியல் வருகிறது: பெயர், சாதி, குணம், கன்மம், பொருள். மணிமேகலை இவற்றை வெளியே தள்ளுகிறது. சித்தியார் உள்ளே எடுக்கிறது. முதலில் ஏதோ ஒன்று என்று தோன்றுவதும் காட்சிதான், பிறகு இது இன்ன பெயருடைய இன்ன பொருள் என்று தெளிவதும் காட்சிதான். ஐயமும் திரிவும் இல்லாதிருந்தால் போதும். உங்கள் மூன்றாவது கேள்விக்கு இது பதில்: இடம் உண்டு, பெரிய இடம்.

இருவரில் யார் சரி? நான் சித்தியார் பக்கம். காரணம் கண் திறந்த பிள்ளைகள். டப்ளினைச் சேர்ந்த மொலினியூ என்பவர் லொக்குக்கு ஒரு கேள்வி அனுப்பினார், லொக் அதை 1694இல் தன் நூலின் இரண்டாம் பதிப்பில் சேர்த்தார். பிறவிக் குருடர் ஒருவர் உருண்டையையும் கனசதுரத்தையும் தொட்டு அறிந்தவர். திடீரெனப் பார்வை வந்தால், தொடாமல் எது எது என்று சொல்வாரா? 1728இல் செசல்டன் என்ற லண்டன் சத்திரசிகிச்சை நிபுணர், புரை நீக்கிய ஒரு சிறுவனைப் பற்றி எழுதினார். பார்க்கிற எல்லாமே தன் கண்ணைத் தொடுவது போல இருந்ததாம் அந்தப் பிள்ளைக்கு. 2011இல் பவன் சின்ஹாவின் குழு, இந்தியாவில் சிகிச்சையால் பார்வை பெற்ற ஐந்து பிள்ளைகளிடம் சோதித்ததை வெளியிட்டது. பார்த்ததோடு பார்த்ததைப் பொருத்தினார்கள். தொட்டதைப் பார்த்ததோடு பொருத்த முதலில் முடியவில்லை. சில நாட்களிலேயே முடிந்தது.

அந்தச் சில நாட்களில் அவர்கள் கற்றுக்கொண்டது காட்சிக்குப் பின்னால் ஒட்டுகிற பெயர்களை இல்லை. பார்க்கவே கற்றுக்கொண்டார்கள். கருத்து காட்சிக்குள்ளேயே கலந்துதான் வேலை செய்கிறது. அம்மம்மாவின் வலது கண்ணுக்கு நீலச்சாயல் மெல்ல மறையப்போவதும் இப்படித்தான். ஒளி மாறாது, வில்லை மாறாது, காட்சி மாறும். திக்நாகர் சொல்கிற அந்த வெறும் சுட்டுணர்வைப் பகுத்து எடுக்கலாம், ஆனால் அதில் யாரும் வாழ்வதில்லை.

சரி, அப்படியானால் பழுப்புச் சேலை திரிவா? இங்கே சித்தியாரோடும் முழுக்கப் போக முடியவில்லை. திரிவு என்றால் ஒன்றை மற்றொன்றாகப் பிறழ அறிவது, கயிற்றைப் பாம்பென்று காண்பது. விளக்கைக் கொண்டுபோனால் பாம்பு போய்விடும். அம்மம்மாவுக்கு விசயம் தெரிந்த பிறகும் இடது கண்ணில் சேலை பழுப்பாகத்தானே நிற்கிறது? இதற்கு நம் மரபு வேறொரு உதாரணம் வைத்திருக்கிறது: வெள்ளைச் சங்கு மஞ்சளாகத் தெரிவது. காமாலைக் கண்ணுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள் என்று நாமும் சொல்கிறோம். காமாலைக்காரருக்கு அப்படித் தெரிவது உண்மையில் அபூர்வம், வயதான வில்லைக்குத்தான் அது பொருந்தும். கண்ணின் பித்தம் கதிரோடு கலந்து போய்ச் சங்கின் வெண்மையை மூடிவிடுகிறது என்றார் இராமானுசர். கதிர் போகிற திசையை மட்டும் திருப்பிவிட்டால், நீங்கள் வகுப்பில் சொல்லிக்கொடுப்பதற்கு அது வெகு கிட்ட வரும். வேத விளக்க மரபான மீமாம்சையைச் சேர்ந்த பிரபாகரர் இன்னும் கூர்மையாகச் சொன்னார்: மஞ்சளும் உண்மை, சங்கும் உண்மை, இரண்டும் உண்மையாகவே அறியப்படுகின்றன. மஞ்சள் கண்ணுடையது, சங்கு வெளியே இருப்பது என்ற வேறுபாடு மட்டும் பிடிபடவில்லை. அங்கே பொய் அறிவு என்று எதுவும் இல்லை, ஓர் அறியாமை மட்டும் உண்டு.

நான் படித்தவற்றில் அம்மம்மாவுக்கு ஆகக் கிட்டிய பதில் பிரபாகரருடையதுதான். அம்மம்மா சேலையைப் பார்த்தபோது தன் கண்வில்லையையும் சேர்த்துப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு கண்ணை மாற்றி வைத்த பிறகுதான் இரண்டையும் பிரித்தெடுக்க முடிந்தது. மாற்ற முடியாத கண்ணும் மூளையுமாக இருக்கிற மற்ற எல்லாருக்கும் எதை எதிலிருந்து பிரிப்பது என்பதற்கு பிரபாகரரிடம் பதில் இல்லை, உங்கள் பாடநூலிலும் இல்லை. இடது கண்ணுக்கும் சிகிச்சை முடிவதற்கு முன்னால், இரண்டு கண்ணையும் திறந்து பார்த்தால் சேலை என்ன நிறம் என்று கேட்டு எழுதுங்கள்.

அன்புடன்.