ஜிம்மி ஜான்ஸ்டன் வீணாகிப்போனவரா? – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஸ்காட்லாந்துக் கால்பந்து பற்றிய உங்கள் கட்டுரையில் செல்டிக் அணியின் வலது விங்கர் (மைதானத்தின் வலது ஓரமாகப் பந்தை முன்னெடுத்துச் செல்லும் முன்வரிசை ஆட்டக்காரர்) ஜிம்மி ஜான்ஸ்டனைப் பற்றி ஒரு பத்தி எழுதியிருந்தீர்கள். அதைப் படித்தபின் அவருடைய பழைய ஆட்டத் துணுக்குகளைத் தேடிப் பார்த்தேன். கல்லூரி அணியில் இடது பேக்காக, அதாவது இடது ஓரத்துத் தடுப்பாளனாக, ஆடியவன் என்பதால், அப்படி ஒருவரை எதிர்கொள்வது எத்தனை பாடு என்பது எனக்குப் புரிகிறது. இருந்தாலும் எண்களைப் பார்க்கும்போது சந்தேகம் எழுகிறது. செல்டிக்குக்காக 515 ஆட்டங்களில் ஏறத்தாழ 130 கோல்கள். நாட்டுக்காக 23 ஆட்டங்கள் மட்டுமே. உலகக் கோப்பையில் ஒரு நிமிடம்கூட ஆடவில்லை. 30 வயதில் கிளப் அவரை விடுவித்துவிட்டது, அதன்பின் குடியும் அலைச்சலும். 2002-இல் செல்டிக் ரசிகர்கள் அவரைத் தங்கள் கிளப்பின் ஆகச்சிறந்த ஆட்டக்காரராகத் தேர்ந்தெடுத்தது, அவர் நோயுற்றிருந்ததால் எழுந்த இரக்கத்தால்தானே? பெரிய திறமை ஒன்று வீணாகிப்போன கதையாகவே இது எனக்குத் தோன்றுகிறது. உங்கள் கருத்தை அறிய விரும்புகிறேன்.

அன்புடன்,
ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

நீங்கள் தந்திருக்கும் எண்கள் சரியானவை. அவற்றிலிருந்து நீங்கள் வந்தடையும் முடிவில்தான் நான் மாறுபடுகிறேன். இன்றைய விங்கர்கள் ஓரத்திலிருந்து உள்ளே வெட்டி வந்து கோல் அடிக்கிறார்கள், ஒரு பருவத்துக்கு இத்தனை கோல் என்று அவர்களிடம் எதிர்பார்க்கப்படுகிறது. ஜான்ஸ்டன் ஆடிய 1960-களில் விங்கரின் பணி வேறு. எதிரணியின் தடுப்பு வரிசையை இழுத்துக் கலைப்பதும், ஒருவரைக் கடந்து சென்று இன்னொருவரைத் தன்னிடம் வரவழைப்பதும், அவ்வாறு திறக்கும் இடத்தைத் தன் அணியினருக்குத் தருவதும்தான் அவரிடம் கேட்கப்பட்டவை. கோல் பட்டியலில் அந்த உழைப்பு பெரும்பாலும் இடம்பெறாது.

செல்டிக்கின் வரலாற்றிலேயே பெரிய ஆட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1967 மே 25 அன்று லிஸ்பனில் நடந்த ஐரோப்பியக் கோப்பை இறுதி ஆட்டத்தில் இன்டர் மிலான் தொடக்கத்திலேயே பெனால்டியில் முன்னிலை பெற்று, தன் புகழ்பெற்ற தற்காப்புக் கோட்டைக்குள் சென்று உட்கார்ந்துகொண்டது. ஆளுக்கு ஆள் ஒட்டிக் காவல் காப்பது அவர்கள் முறை. செல்டிக்கின் மேலாளர் ஜாக் ஸ்டீன் அதற்குக் கண்ட வழி, தன் விங்கர்களை ஓரங்களிலிருந்து உள்ளே நகர்த்துவது. ஜான்ஸ்டன் உள்ளே வந்தால் அவரைக் காக்கும் ஆளும் உடன் வந்தாக வேண்டும். வந்தால் ஓரம் காலியாகும். காலியான ஓரத்தில் பின்வரிசையிலிருந்து ஜிம் கிரெய்க் ஏறி வருவார். 63-ஆம் நிமிடத்தில் அதே வலது பக்கம் ஏறிவந்த கிரெய்க் பந்தைப் பின்னோக்கித் தள்ள, இன்னொரு பேக்கான டாமி கெமல் ஓடிவந்து அதைக் கோலாக்கினார். ஆட்டம் முடியச் சில நிமிடங்களே இருக்கையில் சால்மர்ஸ் இரண்டாவது கோலை அடிக்க, 2-1 என்று வென்ற செல்டிக், ஐரோப்பியக் கோப்பையைப் பெற்ற முதல் பிரிட்டிஷ் அணி ஆயிற்று. கோல் அடித்தவர்களில் ஜான்ஸ்டனின் பெயர் இல்லை. ஆனால் ஒரு பேக் பந்தைக் கொடுக்க இன்னொரு பேக் கோல் அடிக்கும் நிலை அன்று எப்படி உருவாயிற்று என்று கேட்டால், விடை அவரிடம்தான் போய்ச் சேரும்.

இரக்கத்தால் விழுந்த வாக்குகள் என்கிறீர்கள். 2001 இறுதியில் அவருக்கு, தசைகளை இயக்கும் நரம்புகளைச் சிதைக்கும் மோட்டார் நியூரான் நோய் இருப்பது கண்டறியப்பட்டது உண்மை, மறு ஆண்டு நடந்த வாக்கெடுப்பில் அந்தத் துயரம் கலந்திருக்கவும் கூடும். அப்படியானால் 1967-இன் இன்னொரு வாக்கெடுப்பைப் பார்ப்போம். ஐரோப்பாவின் ஆண்டின் சிறந்த ஆட்டக்காரருக்குத் தரப்பட்ட பாலன் டி'ஓர் விருதுக்கு ஐரோப்பிய நாடுகளின் பத்திரிகையாளர்கள் வாக்களித்தபோது, ஹங்கேரியின் ஃப்ளோரியன் ஆல்பர்ட் முதலிடமும் இங்கிலாந்தின் பாபி சார்ல்டன் இரண்டாமிடமும் பெற, ஜிம்மி ஜான்ஸ்டன் மூன்றாமிடத்தில் வந்தார். 23 வயதான, நல்ல உடல்நலத்தோடிருந்த அந்த ஸ்காட்லாந்து இளைஞர்மேல் இரங்க அவர்களுக்கு எந்தக் காரணமும் இல்லை. லிஸ்பன் வெற்றிக்கு இரண்டு வாரத்துக்குள் மாட்ரிட்டில், ரியல் மாட்ரிட்டின் பழைய நட்சத்திரம் டி ஸ்டெஃபானோவைக் கௌரவிக்க நடத்தப்பட்ட ஆட்டத்தில் ரியல் மாட்ரிட்டின் சொந்த ரசிகர்களே, ஜான்ஸ்டன் பந்தைத் தொடும்போதெல்லாம், காளைப்போர் அரங்கில் எழுப்பும் 'ஓலே' முழக்கத்தை அவருக்காக எழுப்பினார்கள். செல்டிக் 1-0 என்று வென்ற அந்த ஆட்டத்தின் ஒரே கோலை பாபி லெனாக்ஸ் அடித்தார், பந்தைக் கொடுத்தவர் ஜான்ஸ்டன்.

'திறமை' என்ற சொல்லை நீங்கள் பயன்படுத்தும் விதத்தில், அது பிறவியிலேயே வந்து அப்படியே செலவழிந்துபோன ஒன்று என்ற எண்ணம் தொனிக்கிறது. இந்த மனிதரின் கால்கள் உருவான விதம் அப்படிப்பட்டதல்ல. லனார்க்ஷர் நிலக்கரிப் பகுதியில் உள்ள வியூபார்க் என்ற சிற்றூரில், 1944 செப்டம்பர் 30 அன்று சுரங்கத் தொழிலாளி ஒருவரின் மகனாக அவர் பிறந்தார். ஆங்கிலேய விங்கர் ஸ்டான்லி மேத்யூஸை ஆதர்சமாகக் கொண்டு, காலிப் பால் புட்டிகளை வரிசையாக நிறுத்தி, அவற்றில் படாமல் பந்தை வளைத்து வளைத்துக் கொண்டுபோகப் பழகினார். கால்களுக்கு வலு ஏற வேண்டும் என்று தந்தையின் கனத்த சுரங்கக் காலணிகளை மாட்டிக்கொண்டு ஓடினார்; அவற்றைக் கழற்றிவிட்டுக் கால்பந்துக் காலணி அணிந்தால் பாதம் காற்றாக இருக்குமல்லவா. செல்டிக் மைதானத்தில் பந்து பொறுக்கித் தரும் பையனாகவும் இருந்தவர், 1963 மார்ச்சில் கில்மார்னக்குக்கு எதிராக முதன்முதலாக அணியில் இறங்கினார். செல்டிக் 6-0 என்று தோற்றது. 1965-இல் ஸ்டீன் மேலாளராக வந்து முதல் ஸ்காட்டிஷ் கோப்பையை வென்றபோதும் இறுதி ஆட்ட அணியில் அவர் இல்லை. பந்தைத் தன்னிடமே வைத்துக்கொண்டு ஆடிய இளைஞரை, எப்போது வைத்துக்கொள்வது எப்போது விடுவது என்று தெரிந்தவராக மாற்றியவர் ஸ்டீன்தான். அவரும் நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை செய்தவர் என்பதால் இந்தப் பையனின் பிடிவாதமும் அச்சமும் அவருக்கு விளங்கின என்று நினைக்கிறேன்.

நீங்கள் இடது பேக் என்பதால் ஓர் ஆட்டத்தைச் சற்று விரிவாகச் சொல்ல விரும்புகிறேன். 1970-இல் ஐரோப்பியக் கோப்பை அரையிறுதியில் செல்டிக்கும் இங்கிலாந்தின் லீட்ஸ் யுனைடெட்டும் மோதின; அந்தக் கோப்பையில் இறுதி ஆட்டம் தவிர மற்றச் சுற்றுகளில் இரு அணிகளின் ஊரிலும் ஒவ்வோர் ஆட்டம் நடந்து, மொத்தக் கோல்களே முடிவைத் தீர்மானித்தன. முதல் ஆட்டத்தை லீட்ஸின் மைதானத்திலேயே செல்டிக் 1-0 என்று வென்றிருந்தது. ஏப்ரல் 15 அன்று கிளாஸ்கோவின் ஹாம்ப்டன் பார்க்கில் நடந்த இரண்டாவது ஆட்டத்துக்கு 1,36,505 பேர் வந்தார்கள். அன்று ஜான்ஸ்டனுக்கு எதிரே நின்ற டெர்ரி கூப்பர், அதே கோடையில் மெக்சிகோ உலகக் கோப்பையில் இங்கிலாந்தின் இடது பேக்காக ஆடியவர். ஜான்ஸ்டனின் முறை வேகத்தால் முந்துவது மட்டுமன்று. பந்தோடு நேரே தடுப்பாளரிடம் வந்து, ஏறக்குறைய நின்றுவிடுவார். தோளை ஒரு பக்கம் சாய்ப்பார். தடுப்பாளரின் எடை எந்தக் காலில் விழுகிறது என்று பார்த்து, அந்தக் கால் தரையில் ஊன்றிய கணத்தில் மறுபக்கம் கிளம்புவார். ஐந்தடி நான்கு அங்குல உயரமே உள்ள உடல் தரைக்கு மிக அருகில் இருந்ததால், நெட்டையான தடுப்பாளர் திரும்பி முடிப்பதற்குள் அவரால் இருமுறை திசை மாற முடிந்தது. கடந்துபோன ஆளுக்காகக் காத்திருந்து மீண்டும் ஒருமுறை கடப்பதும் உண்டு. அதை வெறும் விளையாட்டுக்காட்டல் என்று சிலர் எழுதியிருக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை, ஏனென்றால் இரண்டாம் முறை கடக்கப்படும்போது தடுப்பாளருக்கு உதவி தேவைப்படுகிறது, உதவிக்கு வருபவர் தன் இடத்தைக் காலிசெய்துவிட்டுத்தான் வர முடியும். அன்று பில்லி பிரெம்னரின் கோலால் லீட்ஸ் முதலில் முன்னிலை பெற்றது. இடைவேளைக்குப் பின் ஜான் ஹியூஸ் சமன்செய்ய, சில நிமிடங்களில் ஜான்ஸ்டன் உருவாக்கித் தந்த வாய்ப்பில் பாபி மர்டாக் வெற்றிக் கோலை அடித்தார். இறுதி ஆட்டத்தில் மிலான் நகரில் ஃபெயனோர்டிடம் செல்டிக் தோற்றது வேறு கதை.

அவரிடம் குறைகள் இருந்தன, அவற்றுள் ஒன்று விமான அச்சம். 1966-இல் அமெரிக்கச் சுற்றுப்பயணத்திலிருந்து திரும்பும் வழியில் விமானம் கடுமையாகக் குலுங்கிய அனுபவம் அவரை வாழ்நாள் முழுதும் விடவில்லை. 1968 நவம்பரில் பெல்கிரேடின் ரெட் ஸ்டார் அணிக்கு எதிரான ஆட்டம் கிளாஸ்கோவில் இடைவேளையின்போது 1-1 என்று இருந்தது. நான்கு கோல் வித்தியாசத்தில் வென்றால் நீ பெல்கிரேடுக்குப் பறக்க வேண்டியதில்லை என்று ஸ்டீன் அவரிடம் வாக்களித்தார். இரண்டாம் பாதியில் செல்டிக் நான்கு கோல்கள் அடித்து 5-1 என்று வென்றது, அவற்றில் இரண்டு ஜான்ஸ்டனுடையவை. ஸ்டீன் வாக்கைக் காப்பாற்றினார். ஜான்ஸ்டன் ஊரிலேயே இருக்க, பெல்கிரேடில் அணி 1-1 என்று சமன்செய்து திரும்பியது. இதை வேடிக்கைக் கதையாகவே எல்லோரும் சொல்கிறார்கள். வெளிநாட்டு ஆட்டம் ஒவ்வொன்றுக்கும் முன் அந்த இளைஞர் அனுபவித்த நடுக்கத்தை எண்ணினால் எனக்குச் சிரிப்பு வருவதில்லை.

அவர் வாங்கிய அடிகளையும் கணக்கில் சேர்க்க வேண்டும். பின்னாலிருந்து காலை வெட்டுவதை அன்றைய நடுவர்கள் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. 1967-இல் அர்ஜென்டினாவின் ரேசிங் கிளப்புடன் நடந்த கண்டங்களுக்கு இடையிலான கோப்பை ஆட்டங்களில் அவர்மேல் ஓயாமல் எச்சில் துப்பினார்கள்; இடைவேளையில் தலையைக் கழுவிக்கொண்டு வந்து ஆடினார்; மான்டிவிடியோவில் நடந்த மூன்றாவது ஆட்டத்தில் பொறுமை இழந்து வெளியேற்றப்பட்டார். 1974 ஏப்ரலில் கிளாஸ்கோவுக்கு வந்த அட்லெடிகோ மாட்ரிட் அவரை உதைத்தே நிறுத்தியது. அந்த அணியின் மூவர் வெளியேற்றப்பட்டும் ஆட்டம் 0-0 என்று முடிந்தது. மறு ஆட்டத்துக்காக மாட்ரிட் சென்றபோது அவருக்கும் ஸ்டீனுக்கும் கொலை மிரட்டல் வந்தது. அவர் அந்த ஆட்டத்திலும் இறங்கினார். துணிவு என்பதை நாம் உருவத்தோடு சேர்த்தே எண்ணிப் பழகிவிட்டதால், இந்தச் சிறிய மனிதரின் துணிவு போதிய அளவு பேசப்படவில்லை என்பது என் வருத்தம்.

23 ஆட்டங்கள் என்பதற்கு இரண்டு காரணங்களைச் சொல்லலாம். அதே வலது ஓரத்தில் ரேஞ்சர்ஸ் அணியின் வில்லி ஹெண்டர்சன் என்ற சிறந்த விங்கர் அவருக்குப் போட்டியாக இருந்தார், அவரும் 29 முறை நாட்டுக்காக ஆடியவர். மேலும் 1966, 1970 உலகக் கோப்பைகளுக்கு ஸ்காட்லாந்து தகுதியே பெறவில்லை; அதாவது ஜான்ஸ்டனின் உச்சகாலம் முழுவதும் அவருக்கு அந்த மேடை கிடைக்கவில்லை. 1974-இல் மேற்கு ஜெர்மனிக்குச் சென்ற அணியில் இருந்தும் களமிறக்கப்படவில்லை. அதற்குச் சற்று முன்பு லார்க்ஸ் கடற்கரையில் இரவுக் குடிக்குப்பின் ஒரு சிறு படகில் ஏறிக் கடலில் மிதந்துசென்று மீட்கப்பட்ட நிகழ்ச்சியைப் பத்திரிகைகள் விடாமல் எழுதின. சில நாள்களில் இங்கிலாந்தை 2-0 என்று வென்ற அணியில் அவர் நன்றாகவே ஆடியிருந்தார். பிரேசிலுடனும் யூகோஸ்லாவியாவுடனும் சமன்செய்து, தோல்வியே காணாமல், கோல் வித்தியாசத்தால் ஸ்காட்லாந்து வெளியேறிய அந்தத் தொடரில், ஒரே ஒரு கோல் கூடுதலாகத் தேவைப்பட்ட நேரத்திலாவது அவரை இறக்கியிருக்க வேண்டும் என்று இன்றும் நினைக்கிறேன்.

குடி அவருடைய பிற்கால ஆட்டத்தைத் தின்றது. அதை அவரே மறைக்காமல் பேசியிருக்கிறார், நானும் மறைக்கப்போவதில்லை. 1975-இல் செல்டிக்கை விட்டபின் அமெரிக்காவின் சான் ஹோசே, இங்கிலாந்தின் ஷெஃபீல்ட் யுனைடெட், ஸ்காட்லாந்தின் டண்டீ, டப்ளினின் ஷெல்போர்ன் என்று சென்ற இடங்களில் பழைய ஜான்ஸ்டனை யாரும் பார்க்கவில்லை. ஆனால் அதற்கு முன்னால் தொடர்ந்து ஒன்பது லீக் பட்டங்களும் ஓர் ஐரோப்பியக் கோப்பையும் இருக்கின்றன. ஒழுங்கற்றவர் என்று பெயரெடுத்த ஒருவர் ஒரே கிளப்பில் 515 ஆட்டங்கள் ஆடியிருக்கிறார். அந்த எண்ணை நீங்களே உங்கள் கடிதத்தில் எழுதிவிட்டு அதைக் குறையாகக் கொண்டது எனக்கு வியப்பளித்தது. அவரை ஐந்து ஆண்டுகள் கூடுதலாக ஆட்டத்தில் தக்கவைத்ததே தன் பெரிய சாதனை என்று ஸ்டீன் சொன்னதாகக் கூறுவார்கள். அந்தப் பேச்சில் அன்பு இருக்கிறது, ஆனாலும் பாதி உண்மைதான் இருக்கிறது என்பேன். அந்த ஆண்டுகளில் செல்டிக் பெற்றவற்றில் ஜான்ஸ்டனின் பங்கு, ஸ்டீன் அவருக்குக் கொடுத்ததைவிடக் குறைந்ததல்ல.

ஆட்டம் முடிந்தபின் அவர் லாரி ஓட்டினார், கட்டுமானப் பணிகளில் கூலி வேலை செய்தார். அந்தத் தலைமுறை ஆட்டக்காரர்களுக்கு ஓய்வுக்குப் பின்னான வாழ்வுக்கென்று கிளப்புகள் பெரிதாக எதையும் செய்துவைக்கவில்லை. வீணடிப்பு என்ற சொல்லை எங்காவது வைத்தே ஆக வேண்டுமென்றால் நான் அங்கே வைப்பேன். நோய் வந்தபின் கைகள் செயலிழந்த நிலையிலும் அதைப் பற்றிப் பொதுவெளியில் பேசி, ஆராய்ச்சிக்கு நிதி திரட்ட உதவினார். 2006 மார்ச் 13 அன்று, 61 வயதில் இறந்தார்.

அன்புடன்,
ஆசிரியர்