சாவியைப் பூட்டிலேயே விட்டுவந்தவர்

அன்புள்ள ஐயா,

திரைக்கதையாசிரியர் எமெரிக் பிரஸ்பர்கர் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு அவருடைய 'தி லைஃப் அண்ட் டெத் ஆஃப் கர்னல் பிளிம்ப்' படத்தைப் பார்த்தேன். ஒன்று உறுத்துகிறது. அம்மாவை ஆஷ்விட்ஸ் நாஜி வதைமுகாமில் பறிகொடுத்த ஒரு யூதரால், ஜெர்மன் ராணுவ அதிகாரி ஒருவரை எப்படி இவ்வளவு நல்லவராகப் படைக்க முடிந்தது? பிறகு ஒரு நாஜியை மையமாக வைத்து நாவலும் எழுதினாராமே. மன்னித்துவிட்டாரா?

ர.

அன்புள்ள ர.,

முதலில் வருடங்களைப் பார்த்துவிடலாம். படம் வந்தது 1943-இல். அம்மாவை ஹங்கேரியிலிருந்து ஆஷ்விட்ஸுக்குக் கொண்டுபோனது 1944-இல். தியோ என்ற அந்த ஜெர்மானியரை எழுதும்போது அம்மா உயிரோடு இருந்தார்.

பிரஸ்பர்கர் 1902-இல் ஹங்கேரியின் மிஷ்கோல்ட்ஸ் நகரில் பிறந்தவர். பெர்லினில் உஃபா என்ற திரைப்பட நிறுவனத்துக்குத் திரைக்கதை எழுதினார். 1933-இல் பாரிசுக்குத் தப்பியபோது, நாஜிகள் கதவை உடைக்க வேண்டாமே என்று சாவியைப் பூட்டிலேயே விட்டுவந்தார் என்பார்கள். 1935-இல் லண்டன். முப்பது வயதுக்கு மேல் ஆங்கிலம் கற்றுக்கொண்டு, ஆங்கிலேய இயக்குநர் மைக்கேல் பவலோடு சேர்ந்து படங்களை எழுதி, தயாரித்து, இயக்கினார்.

தியோ லண்டனில் ஒரு அதிகாரி முன்னால் உட்கார்ந்து, ஏன் வந்தேன் என்று விளக்கும் காட்சி நினைவிருக்கிறதா? மனைவி ஆங்கிலேயப் பெண், இறந்துவிட்டாள். பிள்ளைகள் இருவரும் நாஜிகள். கேமரா வெட்டாமல் அந்த முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கும். நடித்த ஆன்டன் வால்புரூக்கும் நாடு விட்டு வந்தவர், யூதத் தாயின் மகன். 1941 டிசம்பரில் பிரிட்டன் ஹங்கேரி மீது போர் அறிவித்ததும் பிரஸ்பர்கரே 'எதிரி நாட்டு அந்நியர்' ஆகிவிட்டார். சர்ச்சிலுக்குப் படம் பிடிக்காததில் வியப்பில்லை. தியோ யார் என்று கேட்டால், அந்த மேசைக்கு எதிரே உட்கார்ந்திருக்கும் அகதி என்பேன்.

உங்கள் கேள்வியின் உண்மையான கனம் நாவலில்தான் இருக்கிறது. 'தி கிளாஸ் பேர்ல்ஸ்', 1966. அம்மா போய் இருபத்திரண்டு வருடம் கழித்து வந்தது. கார்ல் பிரவுன் லண்டனில் வாடகை அறையில் தங்கி பியானோக்களுக்குச் சுருதி சேர்க்கிறவன். அமைதியானவன், இசைப் பித்து. பத்திரிகையில் போர்க்குற்ற வழக்குச் செய்தி வந்தால் மட்டும் கை நடுங்கும். முகாம் கைதிகளின் மூளையில் கத்தி வைத்த மருத்துவன் அவன்.

யாரோ பின்தொடர்கிறார்கள் என்ற அச்சம், அந்நிய உச்சரிப்பு, எந்த நேரமும் கிளம்பத் தயாராக இருப்பது... இதெல்லாம் ஓர் அகதியின் வாழ்க்கை. தான் அறிந்த பயத்தை எடுத்து, தன் அம்மாவைக் கொன்ற கூட்டத்தில் ஒருவனுக்குக் கொடுத்திருக்கிறார். மன்னிப்பவர் இப்படிச் செய்யமாட்டார் என்றே நினைக்கிறேன். மன்னித்திருந்தால் அவனை இத்தனை பக்கத்தில் போய்ப் பார்க்க வேண்டியதில்லை. அவன் ஓடும்போது எனக்கும் நெஞ்சு அடித்துக்கொண்டது. ஐயோ, சிக்கிவிடுவானோ என்று பதறினேன். அப்புறம்தான் யாருக்காகப் பதறுகிறேன் என்பது உறைத்தது. புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். மறுநாள்தான் மறுபடி தொட முடிந்தது.

வந்தபோது அந்த நாவலை யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. 1988-இல் அவர் இறந்து வெகுகாலம் கழித்துத்தான் மறுபதிப்பு வந்தது. அவசியம் படியுங்கள். பிரவுன் தப்பிவிட வேண்டும் என்று எந்தப் பக்கத்தில் உங்களுக்குத் தோன்றியது என்று எழுதுங்கள்.