விண்கலம் ஏன் எரிந்துபோவதில்லை? கோத்தகிரியிலிருந்து சில பதில்கள்

வெப்பம் தாங்கும் பொருட்களோடு இருபத்தைந்து வருடம் வேலை பார்த்துவிட்டு இப்போது கோத்தகிரியில் இருக்கிறேன். விண்வெளியிலிருந்து திரும்பும் கலங்களின் வெப்பக் கவசத்தைப் பற்றி நம் மலைக்காரர்கள் கேட்டவற்றில் சிலவற்றுக்கு இங்கே பதில் எழுதுகிறேன்.

மசினகுடியில் ஜீப் ஓட்டும் அண்ணன்: காற்றில் உரசுவதால்தானே கலம் அப்படிச் சூடாகிறது?

உரசலுக்கும் பங்கு உண்டு அண்ணே, ஆனால் முக்கியக் காரணம் அது இல்லை. கல்லட்டியின் 36 கொண்டை ஊசி வளைவுகளையும் பிரேக்கை மிதித்தபடியே இறங்கினால் என்ன வாடை வரும் என்று உங்களுக்குத் தெரியும். ஓடுகிற வண்டியின் ஆற்றல் எங்காவது போயாக வேண்டும், அது பிரேக் டிரம்முக்குப் போகிறது. பூமியைச் சுற்றும் கலம் நொடிக்கு 7.8 கிலோமீட்டர் வேகத்தில் வருகிறது. அதன் ஒவ்வொரு கிலோவிலும் இருக்கும் ஆற்றல் 11 லிட்டர் தண்ணீரைக் கொதிக்கவைத்து முழுக்க ஆவியாக்கப் போதும்! அதற்குக் காற்றுதான் பிரேக். அந்த வேகத்தில் முன்னால் இருக்கும் காற்றுக்கு விலகி ஓட நேரம் கிடையாது, அப்படியே நசுங்குகிறது. சைக்கிளுக்குக் காற்றடிக்கும்போது பம்பின் அடிப்பக்கம் சுடுமே, அதே சங்கதி. இங்கே அது ஆயிரக்கணக்கான டிகிரிக்குப் போகிறது.

குன்னூர் கல்லூரி மாணவர்: அப்படியானால் மூக்கைக் கூராக வைத்துக் காற்றைக் கிழித்துக்கொண்டு வரலாமே?

எல்லாரும் முதலில் அப்படித்தான் நினைத்தார்கள், தம்பி. 1950களின் தொடக்கத்தில் அமெரிக்காவில் ஜூலியன் ஆலன் என்பவர் அதற்கு நேர்மாறாகச் சொன்னார்: மூக்கு மொண்ணையாக இருக்கட்டும். கூர்மூக்கில் நசுங்கிய சூடான காற்று உடம்பை ஒட்டியே நிற்கும். மொண்ணை மூக்கு அதைத் தனக்கு முன்னால் சற்றுத் தள்ளியே நிறுத்திவிடும். வெப்பத்தில் பெரும்பங்கு காற்றோடேயே போய்விடும், கலத்துக்கு வருவது சிறு பங்குதான். கவசத்தின் பாதி வேலையை வடிவமே செய்துவிடுகிறது. எனக்கு இந்தத் துறையிலேயே மிகவும் பிடித்த யோசனை இதுதான்.

கட்டபெட்டு தேயிலை விவசாயி அக்கா: கவசமே எரிந்துகொண்டு வரும் என்கிறார்கள். எரிகிற பொருள் எப்படிக் காப்பாற்றும்?

நல்ல கேள்வி அக்கா. ஜனவரி உறைபனியில் நாம் அடுப்பில் தைலமரக் கட்டையை வைக்கிறோம். வெளியே கரியாகிப் பிளந்திருக்கும், உடனே எடுத்து வெட்டினால் உள்ளே வெள்ளைக் கட்டை அப்படியே இருக்கும். கரி வெப்பத்தை உள்ளே விடாது. அப்போலோ கலங்களின் கவசமும் இப்படித்தான். நிலாவிலிருந்து நொடிக்கு சுமார் 11 கிலோமீட்டர் வேகத்தில் வந்தபோது அதன் பிசின் சிதைந்து வாயுவானது, மேலே கரி படிந்தது. சிதைவதற்கே வெப்பம் செலவாகும். வெளியேறும் வாயு சூடான காற்றைத் தள்ளி வைக்கும். தேய்ந்த கரி மிச்ச வெப்பத்தையும் எடுத்துக்கொண்டு உதிரும்.

ஆனால் வாயு வெளியேற வழி வேண்டும். ஈர விறகு ஏன் படபடவென்று வெடிக்கிறது? உள்ளே நீராவி சிக்கிக்கொள்வதால். 2022 டிசம்பரில் நாசாவின் ஆளில்லா நிலாப் பயணமான ஆர்ட்டெமிஸ் 1 முடிந்து ஓரியன் கலம் திரும்பியபோது, கவசத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட இடங்களில் கரி துண்டு துண்டாகப் பெயர்ந்திருந்தது. அது காற்றில் ஒருமுறை நுழைந்து, மேலே எழும்பி, மறுபடி இறங்கி வந்தது. இடைப்பட்ட நேரத்தில் உள்ளே வெப்பம் தேங்கி வாயு உண்டானது. அது கசிந்து வெளியேற இடமில்லாமல் அழுத்தம் கூடி விரிசல் விட்டது என்று நாசா கண்டுபிடித்தது. கலத்துக்குள்ளே வெப்பநிலை பாதுகாப்பான அளவிலேயே இருந்தது. ஆனாலும் இதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ள என்னால் முடியாது.

ஊட்டி, ஒன்பதாம் வகுப்பு மாணவி: கல்பனா சாவ்லா வந்த கொலம்பியாவில் கவசம் இல்லையா?

இருந்தது பாப்பா. மறுபடி மறுபடி பறக்க வேண்டிய கலம் என்பதால் தேயாத கவசம். உடம்பில் சிலிக்கா ஓடுகள், இறக்கையின் முன்விளிம்பில் வலுவூட்டிய கார்பன் பலகைகள். 2003 ஜனவரி 16 அன்று ஏவியபோது எரிபொருள் தொட்டியின் நுரைத் துண்டு ஒன்று பெயர்ந்து இடது இறக்கையின் முன்விளிம்பில் மோதி ஓட்டை போட்டது. பிப்ரவரி 1 அன்று திரும்பும்போது அந்த ஓட்டை வழியே வெப்பம் உள்ளே புகுந்தது. ஏழு பேரையும் இழந்தோம். கவசத்தில் சின்ன ஓட்டை என்று ஒன்று கிடையாது.

மஞ்சூர் வாசகர்: ராக்கெட் ஏவும்போது டிவியில் "ஹீட் ஷீல்ட் பிரிந்தது" என்கிறார்களே, கழற்றிப் போட்டுவிட்டால் எப்படித் திரும்பும்?

அது வேறு ஐயா. மேலே போகும்போது செயற்கைக்கோளை மூடியிருக்கும் கூடு அது, காற்று மெலிந்ததும் வேலை முடிந்தது. பிரியாவிட்டால்தான் ஆபத்து. 2017 ஆகஸ்டில் பிஎஸ்எல்வி-சி39 ஏவியபோது கூடு பிரியாமல், செயற்கைக்கோள் உள்ளேயே மாட்டிக்கொண்டது.

அதே வாசகர்: நம் நாடு எதையாவது திருப்பிக் கொண்டுவந்திருக்கிறதா?

கொண்டுவந்திருக்கிறது. 2007 ஜனவரி 10 அன்று போன எஸ்ஆர்இ-1 என்ற 550 கிலோ கலம், 12 நாள் சுற்றிவிட்டு வங்கக் கடலில் பத்திரமாக இறங்கியது. அப்புறம் 2014 டிசம்பர் 18 அன்று, மனிதர்களுக்கான கலத்தின் மாதிரியை 126 கிலோமீட்டர் உயரத்தில் விடுவித்து இறக்கினார்கள். அதன் வேகம் சுற்றுப்பாதை வேகத்தைவிடக் குறைவு. எஸ்ஆர்இ-1 முழு வேகத்தில் வந்தது. அதன் மூக்கில் தேயும் கவசம், மற்ற இடங்களில் சிலிக்கா ஓடு. அக்காவுக்குச் சொன்ன கரியும் பாப்பாவுக்குச் சொன்ன ஓடும் ஒரே கலத்தில்.