உடம்பு நன்றாக இருக்கிறது, மருந்தை நிறுத்தலாமா?

கேள்வி: என் கணவருக்கு வயது 46. எட்டு மாதங்களுக்கு முன் என் மாமியாரின் சிறுநீரகத்தை அவருக்குப் பொருத்தினார்கள். இப்போது நன்றாக இருக்கிறார், கை மட்டும் லேசாக நடுங்குகிறது. டாக்ரோலிமஸ் மருந்து எதிர்ப்புச் சக்தியைக் குறைக்குமாமே! அதை நிறுத்திவிட்டுச் சீந்தில் கஷாயம் குடிக்கலாமா என்கிறார்.

பதில்: வேண்டாம் அம்மா, ஒரு வேளைகூட நிறுத்த வேண்டாம். அவர் நன்றாக இருப்பதே அந்த மருந்தால்தான்.

பெற்ற தாயே கொடுத்த சிறுநீரகம் என்றாலும், அவர் உடலின் டி செல்களுக்கு (நோயை எதிர்க்கும் ஒருவகை வெள்ளை அணுக்கள்) அது வெளியாள்தான். விட்டால் அவை அதைத் தாக்கிவிடும். தாக்கக் கிளம்ப அவற்றுக்குக் கால்சினியூரின் என்ற நொதி தேவை. டாக்ரோலிமஸ் அதை முடக்குகிறது. ஜப்பானின் சுகுபா பகுதி மண்ணிலிருந்த பாக்டீரியாவில் 1984இல் கிடைத்த மருந்து இது. கல்லீரல், இதயம் பொருத்தியவர்களுக்கும், லூபஸ் நோயால் சிறுநீரகம் கெட்டவர்களுக்கும் கொடுக்கிறோம். கரப்பான் என்ற தோல் நோய்க்குக் களிம்பாகவும் வருகிறது.

மருந்தை விட்டால் உடனே வலிக்கும், வீங்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். பல நேரம் ஒன்றுமே தெரியாது, சிறுநீரகம் வெளியேற்ற வேண்டிய கழிவான கிரியேட்டினின் மட்டும் ரத்தத்தில் ஏறும். சீந்தில் எதிர்ப்புச் சக்தியைத் தூண்டும் என்பதற்காகத்தானே குடிக்கிறார்கள்? இவருக்கு ஆகாதது அதுதான்.

கை நடுக்கத்தை அலட்சியப்படுத்தாதீர்கள். ரத்தத்தில் மருந்து கூடியிருக்கலாம். கூடினால் சிறுநீரகத்தையே கெடுக்கும், சர்க்கரையையும் ஏற்றும். அளவு பார்க்கும் நாளில் காலை மருந்தைப் போடாமல் போய், ரத்தம் கொடுத்த பிறகு போட வேண்டும். போட்டுவிட்டு வந்தால் அளவு கூடுதலாகத் தெரியும், டாக்டரும் தவறாகக் குறைத்துவிடக்கூடும். அப்புறம், வேறு எந்த மருந்தையும் கடையில் கேட்டு வாங்க வேண்டாம். கிளாரித்ரோமைசின் என்ற ஆன்டிபயாடிக், பூஞ்சைத் தொற்றுக்கான ஃப்ளூகோனசோல் போன்றவை இதன் அளவை ஏற்றும். காசநோய்க்கான ரிஃபாம்பிசின் இறக்கிவிடும். பம்பளிமாஸ் பழமும் அளவை ஏற்றக்கூடும், தவிர்த்துவிடுங்கள்.

எதிர்ப்புச் சக்தி குறைவது உண்மைதான், அவர் பயத்தில் நியாயம் இருக்கிறது. அதனால் காய்ச்சல் வந்தால் பாராசிட்டமால் போட்டுவிட்டு விடியட்டும் என்று இருக்காமல், அன்றே மருத்துவமனைக்குப் போய்விடுங்கள். நடுக்கத்துக்கும் அடுத்த செக்கப் வரை காத்திருக்க வேண்டாம். இந்த வாரமே அறுவை செய்த மருத்துவமனையில் காட்டுங்கள். அளவைக் குறைப்பதா, மருந்தையே மாற்றுவதா என்று ரத்த முடிவைப் பார்த்து அவர்கள் சொல்வார்கள்.