கேள்வி–பதில்: வீட்டுக் கடனின் முழுக் கணக்கு

வீட்டுக் கடன் பற்றி வந்த கேள்விகளில் பத்து இங்கே. ஒப்பிட வசதியாக எல்லாப் பதில்களிலும் ஒரே மாதிரிக் கடனை எடுத்துக்கொண்டிருக்கிறோம்: 50 லட்சம், 20 ஆண்டு, 8.5 சதவீத வட்டி, மாதத் தவணை 43,391. உங்கள் கடன் இதில் பாதியென்றால் தொகைகளையும் பாதியாக்கிக்கொள்ளுங்கள். மாதக் கணக்குகள் அப்படியே இருக்கும். உங்கள் வட்டி விகிதம் வேறு என்றால் எண்கள் மாறும், போக்கு மாறாது.

ஐந்து வருடமாக ஒரு தவணைகூடத் தவறாமல் 26 லட்சம் கட்டியிருக்கிறேன். இன்னும் 44 லட்சம் பாக்கி என்கிறார்கள். எங்கோ தவறு நடந்திருக்கிறதா?

தவறில்லை. முதல் மாதக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 35,417. நீங்கள் கட்டுவது 43,391. அசலில் கழிவது வெறும் 7,974. அடுத்த மாதம் அந்த 7,974-க்கான வட்டி மட்டும் குறையும், அதாவது 56. இந்த வேகத்தில் நகர்ந்தால் ஐந்தாண்டு முடிவில் நீங்கள் கட்டிய 26.03 லட்சத்தில் 20.10 லட்சம் வட்டிக்கும் 5.94 லட்சம் அசலுக்கும் போயிருக்கும். பாக்கி 44.06 லட்சம்.

தவணையில் அசலின் பங்கு வட்டியை முந்துவது 143-ஆவது மாதத்தில்தான். அசலில் பாதி தீர 166 மாதம் ஆகும், கிட்டத்தட்ட 14 ஆண்டு. முழுக் கடனும் முடியும்போது கட்டிய மொத்தம் 1.04 கோடி, அதில் வட்டி 54.14 லட்சம்.

இதை நீங்களே சரிபார்க்கலாம். பாக்கி அசலை ஆண்டு வட்டியால் பெருக்கி 12-ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி. தவணையிலிருந்து அதைக் கழித்தால் அசலுக்குப் போனது. அதைப் பாக்கியிலிருந்து கழித்துவிட்டு அடுத்த வரிக்குப் போங்கள். எக்செல்லில் 240 வரி, பத்து நிமிட வேலை. கடன் கொடுத்தவரின் அட்டவணையோடு சில நூறு வித்தியாசம் வந்தால் அது நாள் கணக்கால் வருவது. ஆயிரக்கணக்கில் வந்தால் கேளுங்கள். மாதாமாதம் குறையும் அசலுக்கு வட்டி போடாமல் ஆண்டுக்கு ஒருமுறை மட்டும் அசலைக் குறைக்கும் முறையாக இருக்கலாம். அந்த முறையில் இதே கடனுக்குத் தவணை 44,030 ஆகும். 20 ஆண்டில் ஒன்றரை லட்சம் கூடுதல்.

30 ஆண்டுக்கு எடுத்தால் தவணை குறையும் என்கிறார் கடன் முகவர். எடுக்கலாமா?

தவணை 38,446 ஆகும். மாதம் 4,945 மிச்சம். அதற்கு விலை: மொத்த வட்டி 54.14 லட்சத்திலிருந்து 88.40 லட்சமாக ஏறும். எதிர்ப்பக்கம், 15 ஆண்டென்றால் தவணை 49,237, வட்டி 38.63 லட்சம். காலம் நீள நீளத் தவணையில் கிடைக்கும் சலுகை சுருங்கிக்கொண்டே போகும், வட்டி மட்டும் வளரும். முகவர் முதல் எண்ணைத்தான் சொல்வார். இரண்டாவதை நீங்கள்தான் கேட்டு வாங்க வேண்டும்.

ஆனாலும் நீண்ட காலம் எப்போதும் முட்டாள்தனம் என்று சொல்ல மாட்டோம். வருமானம் நிலையில்லாதவர் 30 ஆண்டுக்கு எடுத்து, முடிந்த மாதங்களில் 43,391 கட்டினால் அதே 20 ஆண்டில் தீர்ந்துவிடும். நெருக்கடி மாதத்தில் 38,446 கட்டித் தப்பிக்கலாம். இரண்டு நிபந்தனைகள்: கூடுதலாகக் கட்டுவதற்கு அபராதம் இருக்கக் கூடாது, நீண்ட காலத்துக்கென்று வட்டி விகிதத்தைக் கூட்டியிருக்கக் கூடாது. மூன்றாவது நிபந்தனை உங்கள் கட்டுப்பாடு. நாங்கள் பார்த்தவரை பெரும்பாலோர் சறுக்குவது அங்கேதான்.

சம்பளம் ஆண்டுதோறும் உயரும் என்ற நம்பிக்கை இருந்தால் 20 ஆண்டுக் கடனையே எடுத்து, ஒவ்வோர் ஆண்டும் தவணையை 5 சதவீதம் ஏற்றுங்கள். கடன் 12 ஆண்டு 3 மாதத்தில் முடியும். வட்டி சுமார் 34.6 லட்சம்.

மாறும் வட்டிக் கடன். வட்டி ஏறியதாகச் செய்தி வந்தது, ஆனால் என் தவணை மாறவே இல்லை. நல்லதுதானே?

இந்தப் பத்தில் மிகவும் கவலைப்பட வேண்டிய கேள்வி இதுதான். தவணை மாறவில்லை என்றால் காலம் மாறியிருக்கிறது. வட்டி ஏறும்போது தவணையைத் தொடாமல் மாதங்களைக் கூட்டிவிடுவது பல இடங்களில் தானாக நடப்பது. வாடிக்கையாளர் சத்தம் போடுவதில்லை, தவணை தவறுவதும் குறைகிறது.

மாதிரிக் கடனில் தொடக்கத்திலேயே வட்டி 8.5-லிருந்து 9.5 ஆனதாக வைத்துக்கொள்வோம். தவணை அதே 43,391 என்றால் 240 மாதம் 309 மாதமாக நீளும். ஐந்தே முக்கால் ஆண்டு கூடுதல். மொத்த வட்டி ஏறத்தாழ 84 லட்சம். அதற்குப் பதில் காலத்தை 20 ஆண்டிலேயே நிறுத்தித் தவணையை ஏற்றச் சொன்னால் புதுத் தவணை 46,607, வட்டி 61.86 லட்சம். மாதம் 3,215 கூடுதலாகக் கட்டச் சம்மதித்தால் 22 லட்சம் தப்பிக்கிறது.

வட்டி 10.5 ஆனால் நிலைமை இன்னும் மோசம். 50 லட்சத்துக்கு மாத வட்டியே 43,750. உங்கள் தவணை அதைவிடக் குறைவு. நீங்கள் ஒழுங்காகக் கட்டிக்கொண்டிருக்க, அசல் மாதாமாதம் வளரும். அந்தக் கடன் ஒருநாளும் முடியாது. கடைசியில் ஒருநாள் தவணையை ஒரேயடியாக ஏற்றச் சொல்லிக் கடிதம் வரும்.

ஆண்டுக்கு இருமுறை ஸ்டேட்மென்டில் மூன்று எண்களைப் பாருங்கள்: நடப்பு வட்டி, பாக்கி அசல், மீதமுள்ள மாதங்கள். மீதமுள்ள மாதங்கள் ஆறு மாதத்தில் ஆறு குறையவில்லை என்றால் எழுத்தில் விளக்கம் கேளுங்கள். வட்டி ஏறினால் தவணையை ஏற்றி, காலத்தை அப்படியே வைக்கும்படி கடிதம் கொடுங்கள். வட்டி இறங்கும்போது தவணையைக் குறைக்க வேண்டாம் என்றும் அதே கடிதத்தில் எழுதலாம்.

கையில் 2 லட்சம் போனஸ். கடனில் கட்டலாமா? தவணையைக் குறைப்பதா, காலத்தைக் குறைப்பதா?

எப்போது கட்டுகிறீர்கள் என்பதைப் பொறுத்தது. முதலாண்டு முடிவில் 2 லட்சம் கட்டிக் காலத்தைக் குறைத்தால் 21 மாதம் குறையும், வட்டியில் சுமார் 7.3 லட்சம் மிச்சம். அதே தொகையைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் 7 மாதம் குறையும், மிச்சம் சுமார் ஒரு லட்சம். பணம் ஒன்றுதான். முதலாவது 19 ஆண்டு வட்டியைத் தடுக்கிறது, இரண்டாவது 5 ஆண்டு வட்டியை.

முதலாண்டில் கட்டிவிட்டுத் தவணையைக் குறைக்கச் சொன்னால் மாதம் 1,771 இறங்கும். மொத்த மிச்சம் 2 லட்சம் சொச்சம்தான். ஆனால் இந்த வித்தியாசத்தில் மாயம் எதுவும் இல்லை. காலத்தைக் குறைத்தவர் அந்த 1,771-ஐயும் மாதாமாதம் கடனிலேயே போட்டுக்கொண்டிருக்கிறார், அவ்வளவுதான். மாதச் செலவு நெருக்கினால் தவணையைக் குறைப்பதில் வெட்கம் இல்லை. ஆறு மாதச் செலவுக்கான சேமிப்பு இல்லாதவர், இதைவிட அதிக வட்டியில் கார்டு கடன் வைத்திருப்பவர் இருவருமே முதலில் அதைப் பார்த்துவிட்டு வீட்டுக் கடனுக்கு வரட்டும்.

கட்டும்போது நடக்கும் கோளாறு ஒன்று உண்டு. கூடுதல் பணத்தை அசலில் கழிக்காமல், வரப்போகும் தவணைகளுக்கான முன்பணமாகக் கணக்கில் நிறுத்திவிடுவார்கள். வட்டி ஓடிக்கொண்டே இருக்கும். ‘அசலில் வரவு வைக்கவும், தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைக்கவும்’ என்று எழுதிக் கொடுத்து, திருத்திய அட்டவணையைக் கையோடு வாங்குங்கள். நிலையான வட்டிக் கடனென்றால் முன்கூட்டிக் கட்ட அபராதம் உண்டா என்று ஒப்பந்தத்தில் முதலில் பாருங்கள்.

ஒருவர் 5 சதவீதம் ‘ஃபிளாட்’ வட்டிக்குத் தருகிறார். 8.5-ஐவிட இது மலிவுதானே?

ஃபிளாட் என்றால் கடைசி மாதம்வரை முழு 50 லட்சத்துக்கும் வட்டி, நீங்கள் அசலைக் கட்டித் தீர்த்துக்கொண்டிருந்தாலும். 20 ஆண்டுக்கு 50 லட்சம் வட்டி, தவணை 41,667. குறையும் அசல் கணக்கில் இது சுமார் 7.95 சதவீதம். 8.5-ஐவிட மலிவுதான், ஆனால் காதில் விழுந்த அளவுக்கு இல்லை. எந்த இரண்டு கடனையும் ஒப்பிட, தொகையையும் காலத்தையும் சமமாக வைத்துத் தவணையை மட்டும் பாருங்கள்.

பிராசசிங் கட்டணம், காப்பீடு, சட்டக் கட்டணம் என்று பட்டியல் நீள்கிறது. இவை வட்டியில் எவ்வளவுக்குச் சமம்?

தொடக்கத்தில் 1 சதவீதம், அதாவது 50,000 பிடித்துக்கொண்டால் உங்கள் கைக்கு வருவது 49.5 லட்சம். தவணையோ 50 லட்சத்துக்கு. 20 ஆண்டும் கடன் ஓடினால் உண்மை வட்டி சுமார் 8.64 சதவீதம். ஐந்தாண்டில் வீட்டை விற்றுக் கடனை முடித்தால் அதுவே 8.75-ஐத் தாண்டும். சீக்கிரம் முடிக்கும் எண்ணம் உள்ளவர் குறைந்த கட்டணத்தைத் தேட வேண்டும். நீண்ட காலம் வைத்திருப்பவர் குறைந்த வட்டியை.

கடன் வாங்கியவர் இறந்தால் பாக்கியை அடைக்கும் காப்பீட்டில் கவனம். ஒரே பிரீமியமாக ஒரு லட்சத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், 20 ஆண்டில் அதற்கு நீங்கள் கட்டுவது 2.08 லட்சம். கடனை முன்பே முடித்தால் மீதி பிரீமியம் திரும்புமா என்று கேளுங்கள். இன்னொன்று: இந்தக் காப்பீட்டுத் தொகை பெரும்பாலும் பழைய அட்டவணைப்படி குறைந்துகொண்டே போகும். வட்டி ஏறிக் கடன் 309 மாதமாக நீண்டாலும் காப்பீடு 240-இல் நின்றுவிடும். தனியாக எடுக்கும் டெர்ம் பாலிசியின் (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) விலையையும் கேட்டு ஒப்பிட்ட பிறகு கையெழுத்திடுங்கள்.

வீடு கட்டி முடியும்வரை வட்டி மட்டும் கட்டினால் போதுமாம். லாபமா?

கட்டுமானம் நடக்க நடக்கக் கடன் பகுதி பகுதியாகத்தான் கைக்கு வரும். சராசரியாக 25 லட்சம் வெளியே வந்த நிலையில் இரண்டு ஆண்டு ஓடினால் 4.25 லட்சம் வட்டி போகும். அசல் ஒரு பைசாகூடக் குறையாது, 20 ஆண்டுக் கணக்கும் தொடங்கியிருக்காது. கட்டுமானம் தாமதமானால் இதற்கு மேல்வரம்பே இல்லை. கூடவே வாடகையும் கொடுப்பவருக்கு வேறு வழி இல்லாமல் போகலாம். வழி இருந்தால் முழுத் தவணையையே தொடங்கிவிடுங்கள்.

ஐந்தாண்டு முடிந்தது. வேறிடத்தில் 8 சதவீதம் தருகிறார்கள். கடனை மாற்றலாமா?

மாற்றலாம், மீதமுள்ள 15 ஆண்டை 15 ஆகவே வைத்துக்கொண்டால். 44.06 லட்சத்துக்குப் புதுத் தவணை 42,109. மாதம் 1,282 குறைவு. மாற்றுச் செலவு 44,000 என்றால் 34 மாதத்தில் திரும்பிவிடும். அதற்குள் வீட்டை விற்கும் எண்ணமிருந்தால் மாற்றாதீர்கள்.

ஆனால் புது இடத்தில் பெரும்பாலும் நீட்டும் தாளில் 20 ஆண்டு என்றிருக்கும். தவணை 36,857. மாதம் 6,500 குறைகிறதே என்று மனம் குளிரும். பழைய கடனில் இனிக் கட்ட வேண்டியது 78.10 லட்சம், புதியதில் 88.46 லட்சம். வட்டியைக் குறைத்துக்கொண்டு 10 லட்சம் அதிகம் கட்டுவதற்கான ஏற்பாடு இது.

எங்கள் தேர்வு: 8 சதவீதத்துக்கு மாறி, பழைய 43,391-ஐயே தொடர்வது. கடன் 10 மாதம் முன்பே முடியும், செலவு போக 3.8 லட்சத்துக்கு மேல் மிஞ்சும். மாறுவதற்கு முன் இப்போதைய இடத்திலேயே வட்டியைக் குறைக்கச் சொல்லிக் கடிதம் கொடுத்துப் பாருங்கள். புது வாடிக்கையாளருக்குத் தரும் விகிதத்தைச் சிறு கட்டணத்துக்குப் பழையவருக்கும் கொடுப்பதுண்டு. கேட்டால்தான்.

பணவீக்கத்தில் பணத்தின் மதிப்பு தேய்கிறது. அப்படியானால் கடனை மெதுவாகக் கட்டுவதுதானே புத்திசாலித்தனம்?

பாதி சரி. பணவீக்கம் ஆண்டுக்கு 5 சதவீதம் என்றால் 20-ஆம் ஆண்டில் கட்டும் 43,391-இன் மதிப்பு இன்றைய 16,000 சொச்சம். மொத்தம் கட்டும் 1.04 கோடியை இன்றைய மதிப்பில் சொன்னால் சுமார் 66 லட்சம்தான். 54 லட்சம் வட்டி என்று பயப்படுபவர் இதையும் பார்க்க வேண்டும்.

மீதிப் பாதி: இந்தத் தேய்மானம் உங்களுக்கு உதவ, உங்கள் வருமானம் பணவீக்கத்தோடு ஏற வேண்டும், கடன் வட்டி ஏறாமல் இருக்க வேண்டும். மாறும் வட்டிக் கடனில் பணவீக்கம் ஏறினால் வட்டியும் பின்னாலேயே ஏறும். கடனை முன்கூட்டி அடைப்பது 8.5 சதவீதம் உறுதியாகத் தரும் முதலீட்டுக்குச் சமம். வேறெங்கே போட்டாலும் வரி போக அதைவிடக் கூடுதலாக வருமா, நடுவில் இறங்கினால் தாங்குவீர்களா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.

அடுத்த மாதம் கடைசித் தவணை. கட்டிவிட்டால் வேலை முடிந்ததா?

இல்லை. தானியங்கிப் பிடித்தம் அடுத்த மாதமும் தொடரக்கூடும், அதை நிறுத்துங்கள். கடன் தீர்ந்ததற்கான சான்றும் பாக்கி இல்லை என்ற கடிதமும் வாங்குங்கள். கடன் வாங்கும்போது கொடுத்த மூலப் பத்திரங்களின் பட்டியலை வைத்து ஒவ்வொன்றாகச் சரிபார்த்துத் திரும்பப் பெறுங்கள். பதிவேட்டில் அடமானம் இருந்தால் அதை நீக்கியதற்கான சான்றும் வேண்டும். பலரும் மறப்பது இதைத்தான். பத்தாண்டு கழித்து வீட்டை விற்கப் போகும்போது பழைய அடமானம் பதிவில் அப்படியே நிற்கும். ஓரிரு மாதம் கழித்துக் கடன் வரலாற்று அறிக்கையை எடுத்து, கணக்கு ‘முடிந்தது’ என்று இருக்கிறதா, ‘சமரசத்தில் முடிந்தது’ (முழுப் பாக்கியும் கட்டாமல் முடித்ததாகப் பொருள்) என்று இருக்கிறதா எனப் பாருங்கள். இரண்டாவதாக இருந்தால் உடனே திருத்தக் கேட்டு எழுதுங்கள்.