விவாகரத்து முடிந்து மூன்று வருடம் ஆகிவிட்டது. இனி ஜீவனாம்சம் கேட்கலாமா?

கேள்வி: என் வயது 36. கணவர் போட்ட விவாகரத்து வழக்குக்கு வாய்தா வாய்தாவாக அலைந்து, ஒரு கட்டத்தில் வெறுத்துப்போய் கோர்ட்டுக்குப் போவதையே விட்டுவிட்டேன். ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பாகி மூன்று வருடம் ஆகிறது. ஜீவனாம்சம் எதுவும் கேட்கவில்லை. தனியார் பள்ளியில் 11,000 ரூபாய் சம்பளம், அம்மா வீட்டில் இருக்கிறேன். "டைவர்ஸோடு எல்லாம் முடிந்தது. நீ பி.எட். முடித்தவள், சம்பாதிக்கிறாய்" என்கிறார் அவர். எனக்கு வழி உண்டா?

பதில்: உண்டு. 1955-ஆம் வருட இந்து திருமணச் சட்டத்தின் 25-வது பிரிவைப் பாருங்கள். தீர்ப்பு சொல்லும்போதோ, "அதன் பிறகு எப்போது வேண்டுமானாலுமோ" நிரந்தர ஜீவனாம்சத்துக்கு உத்தரவிடலாம் என்கிறது. வழக்கு நடக்கும் காலத்துக்கானது 24-வது பிரிவு. அந்த வாய்ப்பு உங்களுக்குப் போய்விட்டது. 25 போகவில்லை.

முதலில் தீர்ப்பின் சான்றிட்ட நகலை எடுத்து, கடைசிப் பக்கம் வரை படியுங்கள். பரஸ்பர சம்மதத்தில் பிரிந்தவர்கள் பலர், "நிரந்தர ஜீவனாம்சத்தை விட்டுக்கொடுக்கிறேன்" என்ற ஒரு வரியைப் படிக்காமலே கையெழுத்துப் போட்டிருப்பார்கள். பிறகு அதைத் தாண்டி வருவது பெரும் பாடு. உங்களுடையது ஒருதலைப்பட்சத் தீர்ப்பு என்பதால் அந்தச் சிக்கல் இருக்காது.

'சம்பாதிக்கிறாயே' என்ற வாதம் எல்லாக் கணவர்களும் சொல்வதுதான். சம்பாதிக்கும் தகுதி வேறு, உண்மையில் சம்பாதிப்பது வேறு என்று 2017-இல் ஷைல்ஜா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஓரளவு வருமானம் இருப்பதாலேயே உரிமை போய்விடாது. திருமண வாழ்க்கையில் இருந்த வசதிக்கு அது போதுமா என்றுதான் பார்ப்பார்கள். உங்கள் 11,000 ரூபாய் சம்பளம் ஜீவனாம்சத் தொகையைக் குறைக்கலாம், அதற்காக மனு தள்ளுபடியாகாது. அதை மறைக்க மட்டும் நினைக்காதீர்கள். பேங்க் ஸ்டேட்மென்ட்டில் அது வெளிவந்தால், நீங்கள் சொல்லும் உண்மையும் எடுபடாது.

எவ்வளவு கிடைக்கும்? சூத்திரம் கிடையாது. கணவரின் நிகரச் சம்பளத்தில் 25 சதவீதம் நியாயமானது என்று 2017-இல் ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை எல்லோரும் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள். அது ஒரு அளவுகோல், அவ்வளவுதான்.

உண்மையான சண்டை சம்பளச் சீட்டில் நடக்கும். 80,000 சம்பளக்காரர் 31,000 கைக்கு வருவதாகக் காட்டுவார். பிடித்தம் பகுதியை வரி வரியாகப் பாருங்கள். வருமான வரி, கட்டாய பி.எஃப். போன்றவை சரி. சொசைட்டி லோன், அவராக விருப்பப்பட்டுச் சேர்த்துக் கட்டும் கூடுதல் பி.எஃப்., இன்சூரன்ஸ் பிரீமியம், கார் தவணை இதெல்லாம் அவராக ஏற்றிக்கொண்ட சுமை. நிகரச் சம்பளம் கணக்கிடும்போது இவற்றைக் கழிக்க வேண்டாம் என்று உங்கள் வக்கீல் வாதாடலாம். உச்ச நீதிமன்றத்தின் 2020 ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்புக்குப் பிறகு இருவருமே சொத்து, கடன், வருமான விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகக் கொடுத்தாக வேண்டும். அவருடைய படிவத்தை அவர் சம்பளச் சீட்டோடு ஒப்பிட்டுப் பார்க்க ஒரு மாலைப் பொழுதை ஒதுக்குங்கள். வக்கீலுக்கு நேரம் இருக்காது. அந்த மனிதர் எந்தச் சீட்டுப் பிடித்தார், எந்த மனை வாங்கினார் என்பது உங்களுக்குத்தான் தெரியும்.

அதே தீர்ப்பு இன்னொன்றும் சொன்னது: ஜீவனாம்சம் மனு போட்ட தேதியிலிருந்து கணக்காகும். கடந்த மூன்று வருடப் பணம் வராது. ஆகவே தள்ளிப்போடாதீர்கள்.

இன்னொரு வழியும் இருக்கிறது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பழைய 125-வது பிரிவு, அதன் இடத்தில் 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-வது பிரிவு. மறுமணம் செய்யாத, தன்னைப் பராமரித்துக்கொள்ள முடியாத விவாகரத்தான பெண்ணும் அதில் 'மனைவி'தான். நீங்கள் வசிக்கும் ஊரிலேயே போடலாம். இரண்டையும் போடத் தடையில்லை. ஆனால் ஒன்றில் கிடைப்பதை மற்றதில் சொல்லிவிட வேண்டும், கழித்துக்கொள்வார்கள். நிலையான தொகையும், அதற்கு ஈடாக அவர் சொத்தின் மீது பொறுப்பும் (charge) வேண்டுமென்றால் 25-தான் நல்லது என்பது என் அபிப்பிராயம்.

நீங்கள் மறுமணம் செய்துகொண்டால், அவர் கேட்டுக்கொண்டதன் பேரில் கோர்ட் உத்தரவை மாற்றலாம், ரத்தும் செய்யலாம். அப்புறம், 144-இல் உத்தரவு வாங்கி அவர் கட்டாவிட்டால், பாக்கி விழுந்த தேதியிலிருந்து ஒரு வருடத்துக்குள் வசூல் மனு போட வேண்டும். எந்த மாதம் வந்தது, எந்த மாதம் வரவில்லை என்று ஒரு நோட்டில் எழுதிக்கொண்டே வாருங்கள்.